எம்.எல்.ஏ.வுக்கு ஈரப்பதம் பார்ப்பது எப்படி?

குடவாசலில் பிறந்தவர்களுக்கு ஒரு சௌகரியம் உண்டு. வீட்டுத் திண்ணையை விட்டு இறங்காமலேயே மூன்று மாவட்டங்களில் வசித்துவிடலாம். 1991 வரை தஞ்சாவூர் மாவட்டம். அப்புறம் நாகப்பட்டினம். 1997-லிருந்து திருவாரூர். திண்ணை அதேதான், எதிர் வீட்டு நாய்கூட அதேதான். மாவட்டம் மட்டும் மாறிக்கொண்டே இருந்தது.

இதில் என்ன விசேஷம் என்கிறீர்களா? எங்கள் பக்கத்து அரசியல்வாதி ஒருவரின் வாழ்க்கைக் குறிப்பைப் பரீட்சை செய்ய இதைவிடச் சுலபமான கேள்வி கிடையாது. 'இன்னார் 1950-ல் திருவாரூர் மாவட்டம் குடவாசலில் பிறந்தார்' என்று இருந்தால், எழுதியவர் எதையும் புரட்டிப் பார்க்கவில்லை என்று அர்த்தம். 1950-ல் திருவாரூர் மாவட்டம் என்று ஒன்றே கிடையாது ஸார்! 'இன்றைய திருவாரூர் மாவட்டம்' என்று ஒரு வார்த்தை சேர்த்து எழுதியிருந்தால், ஆள் கொஞ்சம் மெனக்கெட்டிருக்கிறார். மேற்கொண்டு படிக்கலாம்.

அற்ப விஷயம்தான். ஆனால் யோசித்துப் பாருங்கள். தங்கைக்கு மாப்பிள்ளை பார்க்கும்போது பத்துப் பேரிடம் விசாரிக்கிறோம். ஆபீஸில் வேலை பார்க்கிறவனா, குடிப்பானா, கடன் உண்டா என்று அந்தத் தெரு இஸ்திரிக்காரர் வரைக்கும் கேட்கிறோம். ஆனால் ஐந்து வருஷத்துக்கு நம் சார்பில் கோட்டையில் உட்காரப் போகிறவரைப் பற்றி..? டீ டைமில் செல்போனில் பெயரைத் தட்டுகிறோம். விக்கிப்பீடியா மூன்று வரி காட்டுகிறது. 'ஓ, இவர்தானா!' என்று செல்லைப் பாக்கெட்டில் போட்டுக்கொள்கிறோம். டீயும் முடிந்துவிடுகிறது.

அந்த மூன்று வரியின் தரம் என்ன? இந்த வாரம் அதைத்தான் பார்க்கப் போகிறோம்.

கலைக்களஞ்சியம் என்பது ஒரு காலத்தில் பெரிய மனிதர்களின் சமாச்சாரம். பெரியசாமித் தூரன் ஆசிரியராக இருந்து, தமிழ் வளர்ச்சிக் கழகம் 1954-ல் தொடங்கி 1968 வரை பத்துத் தொகுதிகள் கொண்டுவந்தது. மலைக்க வைக்கிற வேலை. ஆனால் காகிதத்துக்கு எல்லை உண்டே! அசோகருக்கு இடம் உண்டு, ஐன்ஸ்டீனுக்கு உண்டு; முதல் தடவை ஜெயித்த எம்.எல்.ஏ.வுக்கு எங்கே போவது? அவருக்கு அதிகபட்சம், சட்டமன்றத்தில் உறுப்பினர்களைப் பற்றி வெளியிடுகிற 'யார் எவர்' புத்தகத்தில் ஒரு பாராவும், ஸ்டாம்பு சைஸ் போட்டோவும்தான்.

2003-ல் தமிழ் விக்கிப்பீடியா வந்தது. 2017-ல் ஒரு லட்சம் கட்டுரைகளைத் தாண்டியது. காகிதப் பஞ்சம் ஒழிந்தது. அசோகருக்குப் பக்கத்திலேயே நம்ம தொகுதிக்காரரும் வந்து உட்கார்ந்துவிட்டார். சட்டமன்றத்துக்கோ நாடாளுமன்றத்துக்கோ ஜெயித்துவிட்டால் கலைக்களஞ்சியத்தில் இடம் பெறத் தகுதி வந்துவிடுகிறது என்பது அங்கே பொதுவான விதி. நல்ல விதிதான். ஆனால் சீட் கிடைத்தவர்களுக்கெல்லாம் சாப்பாடு கிடைத்ததா என்பது வேறு கேள்வி.

சின்ன எம்.எல்.ஏ.க்களின் பக்கங்கள் பலவற்றைப் பாருங்கள், ஆங்கிலத்திலும் சரி, தமிழிலும் சரி... எல்லாம் ஒரே அச்சு. 'இன்னார் ஓர் இந்திய அரசியல்வாதி. இன்ன ஆண்டு தேர்தலில் இன்ன தொகுதியில் இன்ன கட்சி வேட்பாளராகப் போட்டியிட்டு வெற்றி பெற்றார்.' அவ்வளவுதான். ஆள் பெயரை மாற்றினால் அடுத்த எம்.எல்.ஏ. தயார்.

இந்த அச்சில் எங்கள் மாவட்டத்துக்காரர் ஒருவரையே வார்த்துப் பார்ப்போம். 'மாரிமுத்து ஓர் இந்திய அரசியல்வாதி. 2021 தேர்தலில் திருத்துறைப்பூண்டி தனித் தொகுதியில் இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி வேட்பாளராகப் போட்டியிட்டு வெற்றி பெற்றார்.'

ஒரு எழுத்துகூடப் பொய் இல்லை. ஆனால் மாரிமுத்து இதில் இருக்கிறாரா?

ஆங்கில விக்கிப்பீடியாக்காரர்கள் கட்டுரைகளுக்கு கிரேடு போடுகிறார்கள். அடிமட்டம் 'ஸ்டப்', தமிழில் குறுங்கட்டுரை. உச்சியில் 'ஃபீச்சர்டு'. நடுவில் கௌரவமான ஒரு படி உண்டு: 'குட் ஆர்ட்டிகிள்', நல்ல கட்டுரை. இந்தப் பட்டத்தை எழுதினவரே தனக்குச் சூட்டிக்கொள்ள முடியாது. அந்தக் கட்டுரையில் கை வைக்காத இன்னொருவர் உட்கார்ந்து ஆறு கேள்வி கேட்பார். நன்றாக எழுதப்பட்டிருக்கிறதா? ஆதாரம் இருக்கிறதா? முக்கியமான எல்லாம் வந்திருக்கிறதா? நடுநிலையா? சண்டை சச்சரவு இல்லாமல் நிலையாக இருக்கிறதா? முடிந்தால், பொருத்தமான படம் இருக்கிறதா?

இந்த ஆறையும் நம்ம மூன்று வரி எம்.எல்.ஏ.விடம் கேட்டுப் பார்ப்போமா?

முதல் கேள்வி, எழுத்து. பாஸ். மூன்று வரியில் தப்பு செய்ய இடமே இல்லை. ஆனால் இது ரேஷன் கார்டும் பாஸ் ஆகிற பரீட்சை.

இரண்டாவது, ஆதாரம். அடியேன் பி.காம். வவுச்சர் இல்லாத செலவைப் பார்த்தால் எனக்குக் கை நடுங்கும். ஒரு கணக்குப் புத்தகத்தில் 'பலவகைச் செலவு, ரூபாய் 5,000' என்று மொட்டையாக எழுதியிருந்தால் ஆடிட்டர் விடுவாரா? வாழ்க்கை வரலாறும் அப்படித்தான். 'சிறு வயதிலேயே பொதுச்சேவையில் ஆர்வம் கொண்டார்' என்றால், வவுச்சர் எங்கே? யார் சொன்னது? எந்தப் பத்திரிகையில் வந்தது? இல்லாவிட்டால் 'சான்று தேவை' என்று பக்கத்திலேயே குறித்துவிடுகிறார்கள். கலைக்களஞ்சிய உலகத்தில் ஆடிட்டர் போடுகிற சிவப்பு மை அதுதான். நம்ம மூன்று வரிக்குத் தேர்தல் ஆணையத்தின் முடிவு அறிக்கையே வவுச்சர். பாஸ்.

மூன்றாவது, எல்லாம் வந்திருக்கிறதா? இங்கேதான் ஃபெயில். அதுவும் சாதாரண ஃபெயில் இல்லை, வெறும் பேப்பர் கொடுத்த ஃபெயில். திருத்துறைப்பூண்டி என்றால் என்ன ஊர்? அங்கே ஒரு கம்யூனிஸ்ட் ஜெயிப்பது ஏன் ஆச்சரியமில்லை? கர்நாடகத்தில் பிறந்து, கீழத்தஞ்சை விவசாயக் கூலிகளோடு கலந்து, அவர்களுக்காகச் சங்கம் கட்டி, 1961-ல் மறைந்த பி.சீனிவாச ராவின் நினைவிடம் அந்த ஊரில்தான் இருக்கிறது. 2006-லும் 2011-லும் அந்தத் தொகுதியில் ஜெயித்தது அதே கட்சியின் உலகநாதன். 2016-ல் தி.மு.க.வுக்குப் போனது. 2018 நவம்பரில் கஜா புயல் அடித்துப் புரட்டிப் போட்ட பிரதேசம். 2021-ல் தி.மு.க. கூட்டணியில் இந்தியக் கம்யூனிஸ்ட் 6 இடங்களில் நின்று 2-ல் ஜெயித்தது. ஒன்று தளி, இன்னொன்று இது. இவ்வளவும் சேர்ந்தால்தான் அந்த 'வெற்றி பெற்றார்' என்ற வார்த்தைக்குக் கையும் காலும் முளைக்கும்.

நான்காவது, நடுநிலை. 2021-ல் மாரிமுத்துவைப் பற்றிப் பத்திரிகைகளும் டிவிக்களும் ஒரு விஷயத்தைத்தான் பெரிதாகச் சொன்னார்கள். அவர் குடிசை வீட்டில் வசிப்பவர். கோடிகளில் சொத்துக் கணக்குக் காட்டுகிற வேட்பாளர்களுக்கு நடுவே அது செய்திதான், சந்தேகமில்லை. ஆனால் கலைக்களஞ்சியக்காரருக்கு இது வழுக்குகிற இடம். 'குடிசையில் வசித்தார்' என்பது தகவல். 'ஏழைப் பங்காளர்' என்பது அடைமொழி. முதலாவதற்கு வவுச்சர் உண்டு. இரண்டாவது மாலை. மாலையை மேடையில் போடலாம், கட்டுரையில் போடக் கூடாது. அதே மாதிரி, குடிசையை மட்டும் எழுதிவிட்டு நிறுத்தினாலும் குறைதான். மனிதர் வீட்டில் மட்டுமா இருந்தார்? சட்டமன்றத்துக்குப் போனாரே, அங்கே என்ன கேட்டார்? தூர் வாருவது பற்றியா, கொள்முதல் பற்றியா, கல்லூரி பற்றியா? என்ன பதில் வந்தது? சட்டமன்ற நடவடிக்கைக் குறிப்புகள் வார்த்தை விடாமல் பதிவாகின்றன. அதைப் புரட்டுகிற பொறுமைதான் அபூர்வம்.

ஐந்தாவது, நிலைத்தன்மை. மூன்று வரிக்கு யார் ஸார் சண்டை போடப் போகிறார்கள்! பாஸ். ஆறாவது, படம். கட்சி பேனரிலிருந்து வெட்டி எடுத்த போட்டோவைப் போடக் கூடாது, உரிமை பிரச்னை. நேரில் பார்த்த யாராவது எடுத்து இலவசமாகக் கொடுத்தால் உண்டு. எம்.எல்.ஏ.வோடு செல்ஃபி எடுத்தவர்கள் ஆயிரம் பேர் இருந்தும், உருப்படியாக அவரை மட்டும் எடுத்தவர் ஒருவரும் இல்லை என்பதுதான் நம் நாட்டு நிலைமை.

ஆக, ரிசல்ட்: ஐந்தில் எப்படியோ தேறி, ஒன்றில் முட்டை. ஆனால் அந்த ஒன்றுதான் மெயின் சப்ஜெக்ட்.

'சரி, நீளமாக எழுதினால் ஆச்சு' என்று நினைக்காதீர்கள். அங்கேதான் அடுத்த வில்லங்கம். அதைப் புரிந்துகொள்ள நீங்கள் ஒரு தடவை எங்கள் பக்கத்து நேரடி நெல் கொள்முதல் நிலையத்துக்கு வரவேண்டும்.

குறுவை அறுப்பும் ஐப்பசி மழையும் ஒன்றாக வந்து சேருகிற ஊர் இது. விவசாயி நெல்லைக் கொண்டுவந்து கொட்டினால், முதலில் ஒரு பிடி அள்ளி மீட்டரில் வைப்பார்கள். ஈரப்பதம் 17 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும் என்பது விதி. மேலே போனால் 'காயப் போட்டுக் கொண்டாங்க' என்பார்கள். மழை கொட்டுகிறபோது எங்கே காயப் போடுவது? '22 வரை விடுங்கள்' என்று விவசாயிகள் ஒவ்வொரு வருஷமும் மன்றாடுவது தனிக் கதை, கண்ணீர்க் கதை. ஆனால் மீட்டரின் நியாயம் புரிகிறது இல்லையா? ஈரம் ஏறினால் எடை ஏறும், அரிசி ஏறாது. மூட்டைக்கு 40 கிலோ காட்டும். அரைத்தால் தெரியும் சேதி. அடுத்து தூற்றிப் பதரை நீக்குவார்கள். பதர் என்பது வெளியே நெல் மாதிரியே இருக்கும். உள்ளே ஒன்றும் இருக்காது.

அரசியல்வாதியின் வாழ்க்கைக் குறிப்பில் புகழ்ச்சிதான் ஈரம். எடை காட்டும். அடைமொழிதான் பதர். நெல் மாதிரியே இருக்கும்.

இதை எனக்கு நன்றாகப் புரியவைத்தவர் ஒரு கவுன்சிலர். (ஊர் வேண்டாம், கட்சி வேண்டவே வேண்டாம்.) போன வருஷம் ஒரு கல்யாணப் பந்தியில் பக்கத்து இலை.

"தம்பி, நீ பத்திரிகையில எழுதுறவன்தானே? நம்மளப் பத்தி அந்த விக்கியில ஒண்ணு ஏத்திவுடேன்."

"எழுதலாம்ண்ணே. என்ன எழுதணும்?"

"மண்ணின் மைந்தர்னு ஆரம்பி. ஏழைகளின் விடிவெள்ளி, எங்கள் வார்டின் விடியல்..."

"விடிவெள்ளி, விடியல், ரெண்டும் ஒண்ணுதாண்ணே."

"அப்ப ஒண்ண எடுத்துடு. பதிலுக்கு 'எளிமையின் சிகரம்' போட்டுக்க."

"சரிண்ணே. வார்டுல என்ன செஞ்சீங்க?"

சாம்பாரை நிறுத்தி யோசித்தார். "மேலத் தெருவுல வடிகால் போட்டோம். நாப்பது வருஷமா மழை வந்தா தண்ணி வீட்டுக்குள்ள வரும். இப்ப வர்றதில்ல."

"அண்ணே, இதுதாண்ணே விஷயம்! இதை முதல்ல சொல்லவேண்டியதுதானே?"

"அட, வடிகாலையெல்லாமா எழுதுவாங்க? அசிங்கமா இருக்காது?"

பார்த்தீர்களா! கையில் ஒரு முழு மரக்கால் நெல்லை வைத்துக்கொண்டு, மனிதர் பதரைத்தான் விற்கப் பார்க்கிறார். அவர் மேல் தப்பில்லை. நாம் கட்டுகிற பேனரும், அடிக்கிற போஸ்டரும் அவருக்கு அதைத்தானே கற்றுக்கொடுத்திருக்கின்றன!

கவுன்சிலருக்கு விக்கிப்பீடியாவில் இடம் கிடைக்காது என்பதையும் பாயசம் வந்த பிறகு பக்குவமாகச் சொன்னேன். வார்டு அளவில் ஜெயித்தவருக்குத் தானாகத் தகுதி வந்துவிடாது. வெளிப் பத்திரிகைகள் அவரைப் பற்றி விரிவாக எழுதியிருக்க வேண்டும். முகம் சுருங்கிவிட்டது. "பெரிய எடத்துக்குத்தான் எல்லாம்" என்றார். ஆறுதலாக அவருக்கு ஒரு அமெரிக்கக் கதை சொன்னேன். 2020-ல் அயோவா மாநிலத்தில் தெரசா கிரீன்ஃபீல்டு என்ற பெண்மணி செனட் தேர்தலில் பெரிய கட்சியின் வேட்பாளர். நாடே கவனித்த போட்டி. அவருக்கே விக்கிப்பீடியாவில் பக்கம் தர மாட்டோம் என்று தேர்தல் நெருங்குகிற வரைக்கும் இழுத்தடித்தார்கள். வேட்பாளராக நிற்பது மட்டும் தகுதி ஆகாது என்பது விதி. எதிரே நின்றவரோ பதவியில் இருந்த செனட்டர். அவருக்குப் பக்கம் ஜம்மென்று இருந்தது. கடைசி நேரத்தில்தான் கிரீன்ஃபீல்டுக்கும் கதவு திறந்தது. தேர்தலில் அவர் தோற்றார்.

"அமெரிக்காவுலயும் அப்படித்தானா?" என்று கவுன்சிலர் இரண்டாவது தடவை பாயசம் வாங்கிக்கொண்டார்.

விதியில் நியாயமும் இருக்கிறது, ஓட்டையும் இருக்கிறது. நிற்கிறவர்களுக்கெல்லாம் பக்கம் கொடுத்தால் கலைக்களஞ்சியம் நோட்டீஸ் போர்டு ஆகிவிடும். கொடுக்காவிட்டால், பதவியில் இருப்பவருக்கு ஒரு கூடுதல் நாற்காலி போட்ட மாதிரி ஆகிவிடும். நல்ல தராசுக்காரருக்கு இது இரண்டும் தெரிந்திருக்க வேண்டும்.

இப்போது நிஜமாகவே பயப்பட வேண்டிய விஷயத்துக்கு வருகிறேன். பிரதமரைப் பற்றிய பக்கத்தில் யாராவது விஷமம் செய்தால் அதைக் கவனிக்க ஆயிரம் கண்கள் இருக்கின்றன. சீக்கிரமே அழித்துவிடுவார்கள். சின்ன அரசியல்வாதியின் பக்கத்துக்குக் காவல் யார்? யாரும் இல்லை. திறந்த வீடு.

அமெரிக்காவில் ஜான் சீகென்தாலர் என்று ஒரு பத்திரிகையாளர். ஒரு காலத்தில் ராபர்ட் கென்னடியிடம் உதவியாளராக இருந்தவர். 2005 மே மாதம் ஒரு ஆசாமி, ஆபீஸ் சகாவைக் கலாய்ப்பதற்காக, கென்னடி சகோதரர்களின் கொலையில் சீகென்தாலர் மேல் சந்தேகம் இருந்தது என்று அவருடைய பக்கத்தில் எழுதிவைத்தான். ஆபீஸ் ஜோக்! நாமெல்லாம் சகாவின் டிபன் பாக்ஸை ஒளித்து வைப்போமே, அந்த லெவலில் நினைத்துச் செய்தது. நாலு மாதத்துக்கு மேல் ஒருவரும் கவனிக்கவில்லை. எழுபது வயது தாண்டிய மனிதர், தான் எந்த நண்பரின் உதவியாளராக இருந்தாரோ அவருடைய கொலையில் சந்தேகத்துக்கு ஆளானவர் என்று உலகம் படித்துக்கொண்டிருந்தது. அவரே பத்திரிகையில் எழுதிக் கொதித்த பிறகுதான் விதிகள் இறுகின. உயிரோடு இருப்பவரைப் பற்றி ஆதாரமில்லாத வில்லங்கத் தகவலா, விவாதமே வேண்டாம், உடனே தூக்கு என்று இன்றைக்கு அங்கே விதி.

பொய்யைச் சேர்ப்பது ஒரு வகை. உண்மையை உருவுவது இன்னொரு வகை. அது இன்னும் நைஸான வேலை. மார்ட்டி மீஹன் என்று மாசசூசெட்ஸ் மாநிலத்து நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர். 'நாலு தடவைக்கு மேல் பதவியில் இருக்க மாட்டேன்' என்று ஆரம்பத்தில் வாக்குக் கொடுத்தார். அப்புறம் காப்பாற்றவில்லை. விக்கிப்பீடியா அதைக் குறித்து வைத்திருந்தது. அவருடைய ஆபீஸ் ஆட்கள் அந்தப் பக்கத்தையே எடுத்துவிட்டு, தாங்கள் தயாரித்த பளபளப்பான வாழ்க்கைக் குறிப்பை அங்கே ஒட்டினார்கள். வாக்குறுதி காணோம்! 2006-ல் உள்ளூர்ப் பத்திரிகை அதைக் கண்டுபிடித்து வெளியிட்டது. எப்படிக் கண்டுபிடிக்க முடிந்தது? விக்கிப்பீடியாவில் ஒவ்வொரு திருத்தமும் தேதியோடு பதிவாகிறது. பக்கத்தின் 'வரலாறு' என்ற மூலையைத் தட்டினால் யார், எப்போது, எதை எடுத்தார், எதைச் சேர்த்தார் என்று கணக்கு மொத்தமும் விரியும். பி.காம். காரனுக்கு அதைப் பார்த்தால் ஒரு பரவசம். சுலபத்தில் அழிக்க முடியாத டே புக்!

அதனால் என் கட்சி இதுதான்: சின்ன அரசியல்வாதியின் பக்கத்தைப் படிக்கும்போது, என்ன எழுதியிருக்கிறது என்று மட்டும் பார்த்தால் போதாது. எது இல்லை என்று பார்க்க வேண்டும். தேர்தலில் தோற்ற வருஷம் இருக்கிறதா? கட்சி மாறியது இருக்கிறதா? மாறின தேதி இருக்கிறதா? வழக்கு என்றால், எந்த நிலையில் நிற்கிறது என்பது இருக்கிறதா? போராட்டத்தில் சாலை மறியல் செய்ததற்கு ஒரு வழக்கு, பணத்தை ஏப்பம் விட்டதற்கு ஒரு வழக்கு, இரண்டையும் '2 வழக்குகள்' என்று ஒரே கட்டாகக் கட்டிவைத்தால் அதுவும் மோசடிதான். விடுதலையான பிறகும் வழக்கை மட்டும் வைத்துக்கொண்டு தீர்ப்பைப் போடாமல் விட்டால் அது பாவம்.

'இதற்கெல்லாம் நான் எங்கே போவேன்?' என்கிறீர்களா? வழி இருக்கிறது. இந்த நாட்டில் ஒவ்வொரு வேட்பாளரும் தன் சுயசரிதையைத் தானே எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தருகிறார். அடைமொழி இல்லாத, உவமை இல்லாத சுயசரிதை. அதன் பெயர் படிவம் 26. வேட்புமனுவோடு சேர்கிற பிரமாணப் பத்திரம். படிப்பு, சொத்து, கடன், வருமான வரிக் கணக்கில் காட்டிய வருமானம், நிலுவையில் இருக்கிற வழக்குகள், எல்லாம் அதில் வந்தாக வேண்டும். சும்மா வந்துவிடவில்லை இது. வாக்காளருக்கு இதையெல்லாம் தெரிந்துகொள்ளும் உரிமை உண்டு என்று 2002-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அரசியல் கட்சிகள் சேர்ந்து ஒரு சட்டத்தைப் போட்டு அதை நீர்க்க வைக்கப் பார்த்தன. 2003-ல் நீதிமன்றம் அந்தச் சட்டத்தின் குறுக்கு வழியைச் செல்லாது என்றது. பொய்த் தகவல் கொடுத்தால் 6 மாதம் வரை சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும் என்று மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் சொல்கிறது. தேர்தல் ஆணையத்தின் இணையதளத்தில் யார் வேண்டுமானாலும் பார்க்கலாம்.

குடிசை எம்.எல்.ஏ. என்று 2021-ல் நாம் வியந்தோமே, அவருடைய சொத்து விவரமும் அந்தப் படிவத்திலிருந்துதான் வெளியே வந்தது. எதிரே நிற்கிறவரின் கோடியும் அதே படிவத்தில்தான் இருக்கும். படிவத்துக்கு ஏழை பணக்காரன் தெரியாது. இதைவிட நடுநிலையான ஆசிரியர் யார்?

ஆனால் படிவம் மட்டும் வாழ்க்கை ஆகாது. அது பேலன்ஸ் ஷீட். மார்ச் 31-ந் தேதி நிலவரம் சொல்லும். வருஷம் முழுக்கக் கடையில் என்ன நடந்தது என்று சொல்லாது. அதற்குத்தான் கட்டுரை வேண்டும். கட்டுரை எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு எங்கள் ஊரிலேயே ஒரு பழைய கேஸ் இருக்கிறது.

சேர மன்னன் கணைக்கால் இரும்பொறை. சோழன் செங்கணானோடு போரிட்டுத் தோற்று, குடவாயில் கோட்டத்துச் சிறையில் கிடந்தவன். அந்தக் குடவாயில் எங்கள் குடவாசல்தான் என்று எழுதியவர்கள் பலர். அவன் பாடியதாகப் புறநானூற்றில் ஒரு பாட்டு, 74-வது. அதன் கீழே, தொகுத்தவர்கள் ஒரு குறிப்பு வைத்தார்கள். ஒரே ஒரு வாக்கியம். யாரோடு போரிட்டான், எங்கே சிறைப்பட்டான், தண்ணீர் கேட்டுக் கிடைக்காமல், பிறகு கிடைத்தபோது குடிக்காமல், எப்படி இறந்தான்... அத்தனையும் அதற்குள் இருக்கிறது. இதுவும் குறுங்கட்டுரைதான் ஸார்! நம்ம மூன்று வரி எம்.எல்.ஏ.வைவிடச் சின்னது. ஆனால் தோற்றவனின் வாழ்க்கை. ஓர் அடைமொழி கிடையாது. தூற்றினால் ஒரு பதர் விழாது.

வேடிக்கை என்னவென்றால், இன்னொரு மரபு வேறு மாதிரி சொல்கிறது. பொய்கையார் என்ற புலவர் செங்கணானின் வெற்றியைக் களவழி நாற்பதாகப் பாடி, அதற்குப் பரிசாக இரும்பொறையை விடுவித்தார் என்று. ஒரு குறிப்பில் சிறையிலேயே செத்தான். இன்னொன்றில் விடுதலை ஆனான். எதை எழுதுவது? நமக்குப் பிடித்த முடிவையா? நல்ல கலைக்களஞ்சியக்காரர் இரண்டையும் எழுதுவார். 'புறநானூற்றுக் குறிப்பு இப்படிச் சொல்கிறது, களவழி பற்றிய மரபு அப்படிச் சொல்கிறது' என்று இரண்டு வவுச்சரையும் குத்திவைத்துவிட்டுக் கையை எடுத்துக்கொள்வார். தீர்ப்பு படிக்கிறவர் பாடு. நடுநிலை என்றால் நடுவில் நின்று பல்லிளிப்பது இல்லை. யார் சொன்னது என்பதை மறைக்காமல் சொல்வது.

ஆபீஸ் வேலைக்கு நடுவே உங்களால் இதெல்லாம் ஆகிற காரியமா என்று கேட்டால், அரை மணி நேரம் போதும். இந்த ஞாயிற்றுக்கிழமை மட்டன் வாங்கிக்கொண்டு வந்த பிறகு, சமையல் ஆகிற வரைக்கும் சும்மாதானே இருப்பீர்கள்? உங்கள் தொகுதியில் கடைசியாக ஜெயித்தவரின் பக்கத்தை எடுங்கள். ஒரு பென்சிலும் எடுத்துக்கொள்ளுங்கள். அடைமொழிகளை அடித்துவிடுங்கள். வவுச்சர் இல்லாத வரிக்குப் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போடுங்கள். 'வெற்றி பெற்றார்' என்பதற்கு அப்புறம் எத்தனை வரி மிஞ்சுகிறது என்று எண்ணுங்கள்.

பெரும்பாலும் ஒன்றும் மிஞ்சாது. ஐந்து வருஷம் சம்பளம் கொடுத்திருக்கிறோம், கணக்குப் புத்தகத்தில் ஒரு வரி வரவு இல்லை! அவர் ஒன்றும் செய்யவில்லை என்று அவசரப்பட்டுச் சொல்லிவிடாதீர்கள். செய்ததை யாரும் எழுதாமலும் இருந்திருக்கலாம். செய்தவருக்கும் செய்யாதவருக்கும் ஒரே அச்சில் மூன்று வரி என்றால், நஷ்டம் செய்தவருக்குத்தான். செய்யாதவருக்கு அதைவிடச் சௌகரியம் வேறு இல்லை. 'வெற்றி பெற்றார்' என்ற முற்றுப்புள்ளிக்குப் பின்னால் நிம்மதியாகத் தூங்குவார்.

அந்தக் காலி இடத்தில் நீங்களே ஒரு வரி சேர்க்கலாம். அனுமதி கேட்க வேண்டாம், சிபாரிசு வேண்டாம், கட்சி உறுப்பினர் அட்டை வேண்டாம். உங்கள் ஊர் வாய்க்காலுக்காக அவர் சட்டமன்றத்தில் கேட்ட ஒரு கேள்வி. வந்த பதில். அது அச்சான பத்திரிகையின் பெயர், தேதி. அவ்வளவுதான். புகழவும் வேண்டாம், திட்டவும் வேண்டாம்.

வவுச்சரை மட்டும் மறந்துவிடாதீர்கள்.